மதாம் ஒடிலும் என் மகனின் கசெற்றும்

எழுத்துப் பிழைகளைப் பொறுத்துக்கொள்ளுங்கோ. நான் அஞ்சாம் வகுப்போடு நின்றவள். கொம்பும் காலும் இடம் மாறிப் போகும். வருசங்கள் அதைவிட மோசமாக மாறிப் போகும். போன கிழமை இந்தப் பத்திரிகையில், அகதி முகாமின் சமையலறை மேல்மாடியில் இருந்தது என்று எழுதிவிட்டேன். அங்கே என்னோடு இருந்த ஒரு தங்கச்சி போன் எடுத்து, "அக்கா, குசினி கீழை. மேலை குளிக்கிற இடமெல்லோ" என்றா. அவ சொன்னதுதான் சரி.

இந்தக் கிழமை எழுதுவதை எழுதாமலே விடுவோமா என்று மூன்று நாள் யோசித்தேன். எனக்கு நாலு பேருக்கு முன்னால் கதைக்கவே கூச்சம். ஆனால் எழுத வேண்டிய ஒரு காரணம் இருக்கிறது. அதைக் கடைசியில் சொல்கிறேன்.

நிறுத்தி வைத்த படம்

கொலோனில் ஒரு பழைய கட்டடத்தின் மூன்றாம் மாடி. காலை நேரம். தொலைக்காட்சிப் பெட்டியில் என் மகன் அன்ரன், வாய் திறந்தபடி அசையாமல் நிற்கிறான். பட்டனை அமத்தி அவனை அப்படி நிறுத்தி வைத்தது மதாம் ஒடில். கதிரையை இழுத்துப் போட்டு, கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, மூக்கு திரையில் முட்டுமளவுக்குக் குனிந்து பார்த்துக்கொண்டிருந்தா.

நான் பின்னால் நின்றேன். கையில் நிலம் துடைக்கிற துணி. அதில் இருந்து தண்ணீர் என் காலில் சொட்டியது. முதலில் இளஞ்சூடாக இருந்தது, பிறகு குளிர்ந்துபோயிற்று.

"இஞ்சை வெட்டியிருக்கு," என்றா மதாம்.

"என்னத்தை?"

"உங்கடை மகனை."

தூசியும் மதாமும்

மதாம் ஒடில் யார் என்று சொல்லவேண்டும். பிரான்சுக்காரி. நாற்பது வருசத்துக்கு மேல் பாரிசில் சினிமாப் படங்களை வெட்டி ஒட்டிய எடிட்டர். பிற்காலத்தில் ஒரு ஜெர்மன்காரரைக் கட்டி கொலோனுக்கு வந்தா. அவர் செத்த பிறகும் அந்த வீட்டிலேயே தனியே இருந்தா. பிள்ளைகள் இல்லை. செவ்வாயும் வெள்ளியும் நான் அங்கே துப்புரவு வேலைக்குப் போவேன்.

எங்கள் இரண்டு பேருக்கும் நடுவில் இருந்தது டொச், ஜெர்மன் மொழி. இரண்டு பேருக்குமே அது அரைகுறை. அவ சொன்னதை நான் என் தமிழில்தான் எழுதுகிறேன். திரேசம்மா என்ற என் பெயரை அவ "தெரேஸ்" ஆக்கிவிட்டா.

வாய் பொல்லாத மனிசி. "தெரேஸ், நீங்கள் தூசியைத் துடைக்கிறேல்லை. ஒரு இடத்திலையிருந்து இன்னொரு இடத்துக்கு அனுப்பிவைக்கிறியள்," என்பா.

"நீங்கள் ஒரு சாமானையும் எறிய விடாட்டி, தூசி எங்கை போறது?" என்பேன் நான். வேறு ஆருக்கும் இப்படிப் பதில் சொல்ல எனக்கு வாய் வராது.

எறியவிடாத சாமான் என்றால் பின் அறையில் இருந்த தகரப் பெட்டிகள். உள்ளே பழைய படச்சுருள்கள். அந்த அறைக் கதவைத் திறந்தால் வினாகிரிப் புளிப்பு மணக்கும். பழைய பிலிம் பழுதாகும்போது அப்படித்தான் மணக்குமாம்.

எல்லா வீட்டிலும் சமைத்தவ

மதாம் பதினாறு வயதில் பிலிம் கழுவும் இடத்தில் வேலைக்குச் சேர்ந்தவவாம். அறுந்த துண்டுகளை ஒட்டுவது. பிறகு ஒரு பெரிய எடிட்டருக்கு உதவியாள். வெள்ளை நூல் கையுறை போட்டுக்கொண்டு, வெட்டிய துண்டுகளை ஆணிகளில் வரிசையாகத் தூக்கி, கேட்டவுடன் எடுத்துக் கொடுக்கவேண்டும். ஒருமுறை அந்த எடிட்டர் பாதிப் படத்தில் படுத்த படுக்கையாகிவிட, மிச்சத்தை இவ வெட்டினா. அது சிரிப்புப் படம். சனம் சிரித்ததாம்.

அதற்குப் பிறகு சிரிப்புப் படம் மட்டும்தான் வரும் என்று பயந்து, அடுத்ததாக ஒரு பொலிஸ் படத்தைக் கேட்டு வாங்கினாவாம். பிறகு சண்டைப் படம், காதல் படம், பாட்டுப் படம், கன்னியாஸ்திரிகளைப் பற்றிய ஒரு படம், மீன்களைப் பற்றி ஒன்று, பாற்கட்டி விளம்பரம்கூட. மொழி தெரியாத நாட்டுப் படங்களும் வெட்டியிருக்கிறா.

"உங்களுக்கு எது நல்லா வரும்?" என்று ஒருநாள் கேட்டேன்.

"எனக்கெண்டு ஒரு வீடு இல்லை, தெரேஸ். எல்லா வீட்டுக் குசினியிலையும் சமைப்பன். சிரிப்புப் படத்தைக் கொஞ்சம் முந்தி வெட்டவேணும். அழுகைப் படத்தைக் கொஞ்சம் பிந்தி வெட்டவேணும். அவ்வளவுதான்."

"பேர் எல்லாம் வருமோ, திரையிலை?"

"வரும், வரும். என்ரை பேர் வரேக்கை சனம் எழும்பி நிண்டு கோட்டுப் போடும்."

படம் எடுக்கிற இடத்துக்கு அவ ஒருநாளும் போனதில்லையாம். போனால், இந்தக் காட்சிக்கு மழையில் எவ்வளவு கஷ்டப்பட்டார்கள் என்று தெரிந்துவிடும். பாவம் பார்த்து வெட்டாமல் விட்டுவிடுவாவாம். "எடிட்டருக்கு ஆரையும் தெரிஞ்சிருக்கக்கூடாது," என்றா. அந்தச் சொல் எனக்கு அப்போது விளங்கவில்லை.

கசெற்

எண்பதுகளில் கிழக்கு பெர்லினில், ஷோனெஃபெல்ட் விமான நிலையத்தில் வந்து இறங்கினபோது நான் தனியாள். கணவர் எனக்கு முந்தியே வந்திருந்தார். மகன் அன்ரனுக்கு ஏழு வயது, மகள் ரெஜினாவுக்கு ஐந்து. இரண்டு பேரையும் மன்னாரில் தங்கச்சியிடம் விட்டுவிட்டு வந்தேன். ஆறு மாதத்தில் கூப்பிடுவதென்று சொல்லிவிட்டு வந்தேன். அன்று வாசலில் அன்ரன் அழவில்லை. அவன் தன் செருப்பைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

கணவர் நாலாம் வருசம் நெஞ்சு நோவில் போய்ச் சேர்ந்தார். பிள்ளைகளுக்குப் போட்ட விண்ணப்பம் ஒவ்வொரு மேசையாகப் போய் வந்தது. ஒரு தாள் குறைவென்றார்கள். அந்தத் தாள் வந்தபோது வேறொன்று காலாவதி என்றார்கள். கடைசியில் பிள்ளைகளுக்கு வயது கூடிவிட்டது என்று முடித்துவிட்டார்கள். அந்தக் கடிதத்தை வாசிக்க எனக்கு இன்னொராளிடம் போகவேண்டியிருந்தது.

சண்டை நின்றிருந்த சமாதான காலத்தில் ரெஜினாவுக்கு மன்னார்ப் பக்கம் ஒரு கோயிலில் கலியாணம் நடந்தது. என் கையில் இருந்த அகதிப் பாஸ்போட்டில் எங்கள் நாட்டுக்கு மட்டும் போக ஏலாது. வீடியோக் கசெற்தான் வந்தது.

எங்கள் சனத்தின் கலியாணக் கசெற் எல்லாருக்கும் தெரியும். கடைசியில், வெளிநாட்டில் இருக்கிற சொந்தங்களுக்காக ஒவ்வொருவராக வரிசையில் வந்து கமராவுக்கு முன்னால் கதைப்பார்கள். "மாமி, சுகமோ? நீங்கள் வராதது பெரிய குறை" என்று. அந்த வரிசையில் அன்ரனும் வந்து நின்று என்னோடு கதைத்தான். தனக்கென்று எதுவும் கேட்காத பிள்ளை, வாய் திறந்து இரண்டு நிமிசம் கதைத்தான்.

ஆனால் வீடியோக்காரர் அதற்கு மேலே ஒரு சினிமாப் பாட்டைப் போட்டுவிட்டார். வரிசை முழுக்க அந்தப் பாட்டுத்தான். அன்ரனின் வாய் அசைகிறது, ஆரோ ஒருத்தர் பாடுகிறார். நடுவில் ஒரு பெரிய ரோசாப்பூ சுழன்று வந்து முகத்தை மூடிப் போகிறது.

அப்போது போனில் அவனைக் கேட்டேன். "என்ன தம்பி சொன்னனீ?"

அவன் சிரித்தான். "போனிலை சொல்ல வெக்கமா இருக்கம்மா. நேரிலை சந்திக்கேக்கை சொல்லுறன்."

நானும் வெட்கப்படுகிற ஆள்தானே. வற்புறுத்தவில்லை.

சண்டை திரும்பத் தொடங்கின பிறகு, ஒரு காலை, வவுனியாவில் சைக்கிளுக்குக் காற்றடிக்கப் போனான். காற்றடித்த சைக்கிள் கடை வாசலிலேயே நின்றது. அவனை அதற்குப் பிறகு ஒருவரும் காணவில்லை.

ரோசாப்பூவுக்குப் பின்னால்

அந்தக் கசெற்றைப் பையில் போட்டுக்கொண்டு மாதக்கணக்காக மதாம் வீட்டுக்குப் போய் வந்தேன். கேட்க வாய் வரவில்லை. ஒருநாள் கதவுத் திறப்பைத் தேடிப் பையைக் கொட்டினபோது அவவே கண்டுவிட்டா.

"என்ன இது? படமோ?"

சொன்னேன். எல்லாவற்றையும் சொன்னேன். பாட்டை எடுத்துவிட்டு அவன்ரை குரலை வெளியே கொண்டுவர ஏலுமோ என்று கேட்டேன்.

மதாம் காதில் பெரிய ஹெட்போனை மாட்டிக்கொண்டு நாலு நாள் கேட்டா. பிறகு பாரிசில் சத்த வேலை செய்த ஒரு நண்பருக்கு ஒரு பிரதியை அனுப்பினா. அவரும் கேட்டுவிட்டு இல்லை என்றார். பாட்டு குரலுக்கு மேலே போடப்படவில்லையாம். குரலை அழித்துவிட்டு அந்த இடத்தில் போடப்பட்டதாம். அதனால் கீழே தோண்டினாலும் ஒன்றும் இல்லை.

அதற்குப் பிறகுதான் நான் முதலில் சொன்ன அந்தக் காலை.

"பூவுக்கு முதல் பாருங்கோ," என்றா. "இடக்கையிலை முகம் துடைக்கிற லேஞ்சி மடிச்சபடி இருக்கு. இப்ப பூவுக்குப் பிறகு. லேஞ்சி கசங்கிப் போச்சு. நிழல் எங்கை நிண்டது? காலடியிலை. இப்ப எங்கை? ஒரு சாண் நகர்ந்திட்டுது. கண்ணைப் பாருங்கோ, சிவந்துபோய்க் கிடக்கு. நடுவிலை கன நேரத்தை எடுத்துப்போட்டு, ஒட்டின இடம் தெரியாமல் பூவை வைச்சிருக்கினம்."

நான் அந்தக் கசெற்றை நூறு தரம் பார்த்திருப்பேன். பெத்த தாய். எனக்கு அது தெரியவில்லை.

"அழுதிருக்கிறான்," என்றேன்.

மதாம் பட்டனில் இருந்து கையை எடுக்காமல், "ஓம்," என்றா.

வீடியோக்காரத் தம்பி

ரெஜினாவிடம் நம்பர் வாங்கி அந்த வீடியோக்காரருக்குப் போன் போட்டேன். நல்ல பிள்ளை. மரியாதையாகத்தான் கதைத்தார்.

"ஓம் அம்மா, நினைவிருக்கு. அந்த அண்ணை அழுதவர். நல்ல காரியத்திலை அழுகை வைக்கக்கூடாதெல்லோ? அதோடை தூரத்திலை இருக்கிற தாய், பார்த்தால் மனம் நோகுமெண்டு நான்தான் எடுத்துட்டன். மற்ற ஆக்கள் கதைச்சதுக்கும் பாட்டுப் போட்டால்தான் ஒரே மாதிரி வடிவா இருக்குமெண்டு..."

"எடுத்த துண்டு எங்கை தம்பி?"

"அது... அடுத்த கலியாணத்துக்கு அதே கசெற்றிலைதானம்மா எடுத்தனான். எல்லாரும் அப்பிடித்தான் செய்யிறது."

"என்ன சொன்னவன் எண்டாவது..."

"அண்டைக்கு நாப்பது பேர் கதைச்சிருப்பினமம்மா. நான் கமராவுக்குள்ளை வெளிச்சத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தனான்."

அவர் மன்னிப்புக் கேட்டார். பரவாயில்லை தம்பி என்று சொன்னேன். போனை வைத்த பிறகு, ஏன் பரவாயில்லை என்று சொன்னேன் என்று இருந்த இடத்திலேயே இருந்தேன். அடுப்பில் சோறு அடிப்பிடித்து மணந்தது.

நான் சொன்ன சொல்

வெள்ளிக்கிழமை போய் மதாமிடம் எல்லாம் சொன்னேன். அவ கதிரையை என் பக்கம் திருப்பினா. பிறகு வேலைக்காரி மாதிரிக் கதைக்கத் தொடங்கினா, எடிட்டிங் வேலைக்காரி மாதிரி.

"வேறை குரல் போடலாம். ஒரு படத்திலை நடிகர் பாதியிலை செத்துப்போனார். நான் இன்னொராளைக் கதைக்கவைச்சு வாய்க்குச் சரியாப் பொருத்தினனான். ஒருத்தருக்கும் தெரியேல்லை. நீங்கள் வசனத்தை எழுதித் தாங்கோ."

ஒரு பென்சிலும் தாளும் தந்தா. நான் "அம்மா" என்று எழுதினேன். அதற்குப் பிறகு என்ன? "நீங்கள் போனது சரி" என்று எழுதவா? "ஏன் என்னை விட்டிட்டுப் போனனீங்கள்" என்று எழுதவா? இரண்டுமே என் சொல்தான், அவனுடையது இல்லை. தாளைத் திருப்பி வைத்துவிட்டேன்.

அப்போதுதான் அவ சொன்னா: "அந்தப் பெடியனைக் கோவிக்காதேங்கோ. நல்லா வெட்டியிருக்கிறான். நானும் அப்பிடித்தான் வெட்டியிருப்பன். சுரங்கத்திலை புருசனைப் பறிகுடுத்த ஒரு மனிசி, ஒரு படத்திலை, கனநேரம் கதைச்சா. நீளமாப் போச்சு. நான் அவவின்ரை கதைக்கு மேலை வயலின் போட்டனான். எல்லாரும் அழுதவை. நல்ல இடமெண்டு பத்திரிகையிலை எழுதினவை."

எனக்கு எங்கிருந்து கோபம் வந்தது என்று தெரியாது. என் ஆயுளில் நான் ஒருவரோடும் உரத்துக் கதைத்ததில்லை. "உனக்குப் பிள்ளை இல்லை, அதுதான் வெட்டுறாய்," என்று கத்தினேன். நீ என்று சொன்னேன். தமிழில்தான் சொன்னேன். அவவுக்கு விளங்காது என்றுதான் சொன்னேன். ஆனால் மொழி தெரியாத ஆட்களின் முகத்தைப் பார்த்தே படம் வெட்டின மனிசிக்கு அது விளங்காமல் போகுமா? மேசையில் இருந்த ஒரு தூசியை விரலால் ஒற்றி எடுத்தா.

நான் துணியைத் தொட்டிக்குள் போட்டுவிட்டு வந்துவிட்டேன். இரண்டு கிழமை போகவில்லை.

மூடி வைத்த பாதித் திரை

மூன்றாம் கிழமை போனேன். கதவைத் திறந்தவ, "தூசி உங்களைத் தேடினது," என்றா. நான் மன்னிப்புக் கேட்க வாயெடுத்தேன். "முதல் இருங்கோ," என்றா.

தொலைக்காட்சித் திரையில் பாதியை ஒரு மட்டையால் மூடி ஒட்டி வைத்திருந்தா. அன்ரன் நிற்கிற பாதி.

"ஏன் அவனை மூடினனீங்கள்?"

"கதைக்கிற ஆளை எல்லாரும் பார்ப்பினம், தெரேஸ். நான் கேட்டுக்கொண்டிருக்கிற ஆளைப் பார்த்துத்தான் சீவியம் நடத்தினனான். இரண்டு கிழமையா உங்கடை மகனை நான் பார்க்கேல்லை. இவவைத்தான் பார்க்கிறன்."

திரையின் ஓரத்தில், அன்ரனுக்குப் பின்னால், தன் முறைக்காக வரிசையில் ஒரு பெண் நிற்கிறா. கிளிப்பச்சைச் சீலை. ஐம்பது வயது இருக்கும். ரோசாப்பூ வருவதற்கு முன்னால் ஆரையோ பார்த்துச் சிரித்துக்கொண்டு, கொண்டையில் பூவைச் சரிசெய்கிறா. ரோசாப்பூ போன பிறகு அதே பெண். சீலைத் தலைப்பை வாயில் வைத்து அழுத்தியபடி, அன்ரனையே பார்க்கிறா. அவன் நகரும்போது அவவின் கை நீண்டு அவனுடைய தோளைத் தொடுகிறது. அந்தக் கையை நான் இத்தனை காலமும் ஆரோ கூட்டாளியின் கை என்று நினைத்திருந்தேன்.

"இந்த மனிசி எல்லாத்தையும் கேட்டிருக்கிறா," என்றா மதாம். "குரல் இவவிட்டை இருக்கு. என்னாலை குடுக்கக்கூடியது இவ்வளவுதான். நாப்பது வருசத்திலை, பழுதாப்போன படம் எண்டு தந்ததை எல்லாம் சரியாக்கிக் குடுத்தனான். உங்களுக்குத்தான் ஏலாமப் போச்சு."

மட்டையின் ஓரத்தைத் தடவிவிட்டுக் கையை மடியில் வைத்தா. நான் அதைப் பிடித்தேனா என்று நினைவில்லை. பிடித்திருந்தால் நல்லது.

பிறகு

அந்தப் பெண்ணின் முகத்தை மதாம் ஒரு படமாக எடுத்துத் தந்தா. ரெஜினாவுக்கு அனுப்பினேன். அவளுக்கு அடையாளம் தெரியவில்லை. அவள் அந்த நேரம் உள்ளே சீலை மாற்றிக்கொண்டிருந்தவள். மாப்பிள்ளை பார்த்துவிட்டு, "எங்கடை பக்கத்து ஆள் போலைதான் கிடக்கு. வன்னிக்குள்ளையிருந்து வந்த ஆக்களிலை ஒராளாயிருக்கும்" என்றார். "அந்தச் சனம் இப்ப எங்கையெண்டு ஆருக்குத் தெரியும், மாமி" என்றும் சொன்னார். அது வன்னியில் கனபேர் செத்து, கடைசிச் சண்டை முடிந்த வருசம். அதற்கு மேல் நானும் கேட்கவில்லை.

அதற்கு அடுத்த குளிர்காலம் மதாமுக்கு நெஞ்சில் சளி கட்டியது. ஆஸ்பத்திரிக்குப் போனவ திரும்பி வரவில்லை. பிரான்சில் இருந்து பெறாமகள் முறையான ஒருத்தி வந்து உடலைக் கொண்டுபோனா. தகரப் பெட்டிகளையும் ஏற்றிக்கொண்டு போனார்கள். நான் அந்த அறையைக் கடைசியாகத் துடைத்தேன். வினாகிரி மணம் போகவில்லை.

கசெற்றை இப்போது நான் பார்ப்பதில்லை. பார்த்தால் அவனைப் பார்ப்பதில்லை, அந்தப் பச்சைச் சீலையைத்தான் பார்க்கிறேன். அவவின் முகத்தில் இருப்பது இரக்கமா, கோபமா? கோபமென்றால் ஆர் மேலே? பிள்ளைகளை விட்டுவிட்டுப் போன ஒரு தாயின் மேலேயா? எனக்கு வேறு ஒருவரையும் நினைக்க வருவதில்லை.

நான் எழுதினதில் வருசம், இடம், ஆட்கள் பிழையாக இருக்கும். தெரிந்தவர்கள் சரிபார்த்துத் திருத்துங்கோ. சமாதான காலத்தில், மன்னார்ப் பக்கம் ஒரு கோயிலில், ரெஜினா என்ற பொம்பிளைப் பிள்ளையின் கலியாணத்துக்குப் போனவர்கள் இதை வாசித்தால், கிளிப்பச்சைச் சீலை கட்டின அந்த அக்கா ஆர் என்று யோசித்துப் பாருங்கோ. கொலோனில் இருக்கலாம், ஹம்பேர்க்கில் இருக்கலாம், கனடாவில் இருக்கலாம். உயிரோடு இருந்தால், அன்ரன் என்ன சொன்னவன் என்று கேட்டு இந்தப் பத்திரிகைக்கு எழுதுங்கோ. எனக்கு மனம் நோகும் என்று ஒன்றையும் எடுத்துவிடாதேங்கோ. அவன் என்னை ஏசினவன் என்றால், ஏசினதை அப்படியே எழுதுங்கோ.